கேள்வி கேட்கும் உரிமை: ஒரு காலனி சுயாட்சி பெற்ற கதை

சென்னைக் கோட்டை அருங்காட்சியகத்தில், கண்ணாடிப் பேழைக்குள் ஒரு பட்டுக் கொடி இருக்கிறது. 1947 ஆகஸ்ட் 15 விடியற்காலையில் ஜார்ஜ் கோட்டைக் கொடிமரத்தில் ஏறிய மூவர்ணக் கொடி அது. ஆள் உயரத்தைவிடப் பெரியது. அதன் முன்னால் நிற்கும் ஒவ்வொரு முறையும் எனக்குத் தொண்டை அடைத்திருக்கிறது.

ஆனால் அந்தக் கொடி ஏறிய காலையில் சென்னை மாகாணத்தின் கவர்னர் யார் தெரியுமா? ஆர்ச்சிபால்ட் நை. பிரிட்டிஷ் ராணுவத்தில் லெப்டினன்ட் ஜெனரலாக இருந்தவர். விடுதலைக்குப் பிறகும் ஓராண்டுக்கு மேல், 1948 செப்டம்பர் வரை, அவர்தான் இங்கே கவர்னர். டெல்லியில் கவர்னர் ஜெனரல் மவுண்ட்பேட்டன். சட்டப்படி இந்தியாவின் அரசர் அப்போதும் லண்டனில் இருந்த ஆறாம் ஜார்ஜ்தான். மூர் மார்க்கெட்டில் சில்லறை மாற்றினால் கையில் விழுந்த காசில் அவர் தலை இருந்தது.

அப்படியானால் அன்று என்னதான் மாறியது?

போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் சிலருக்கு வார இறுதியில் வரலாறு சொல்லிக்கொடுக்கிறேன். 1858, 1861, 1892, 1909, 1919, 1935 என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஆண்டுகளைச் சொல்வார்கள். ஒரு சட்டத்துக்கும் அடுத்த சட்டத்துக்கும் என்ன வேறுபாடு என்று கேட்டால் திணறுவார்கள். அவர்களிடம் நான் சொல்வது இதைத்தான்: ஒவ்வொரு ஆண்டிலும் நின்று ஒரே ஒரு கேள்வியைக் கேளுங்கள். ஆள்கிறவர் யாருக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது? இதைப் பிடித்துக்கொண்டால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

காலனி என்றால்

சென்னையில் காலனி என்றதும் வீட்டுவசதி வாரியக் குடியிருப்போ ஊழியர் குடியிருப்போ நினைவுக்கு வரும். கிராமங்களில் அந்தச் சொல்லுக்கு வேறு பொருள் உண்டு. ஊர் ஒரு பக்கம், காலனி ஒரு பக்கம் என்று மனிதரைப் பிரித்து வைத்த சொல் அது. அதை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக 2025 ஏப்ரலில் சட்டமன்றத்தில் அறிவித்தார்கள். ஊருக்கான முடிவை வேறு யாரோ எடுப்பார்கள், காலனி அதற்குக் கட்டுப்பட வேண்டும் என்ற அந்த ஏற்பாட்டை ஒரு நாட்டின் அளவுக்குப் பெரிதாக்கிப் பாருங்கள். அரசியலில் காலனி என்பது அதுதான். உங்கள் வரி, உங்கள் நிலம், உங்கள் உழைப்பு. சட்டம் மட்டும் கடல் கடந்து இன்னொருவர் போடுவார். அந்தச் சட்டத்தைப் போட்டவரை நீங்கள் மாற்ற முடியாது.

சென்னையில் இது வியாபாரமாகத் தொடங்கியது. 1639-இல் தாமர்ல வெங்கடாத்ரி நாயக்கரிடம் கிழக்கிந்தியக் கம்பெனி கடற்கரை ஓரமாக இடம் வாங்கிக் கோட்டை கட்டியது. கம்பெனி தன் பங்குதாரர்களுக்குக் கணக்குக் காட்டினால் போதும். 1857 கிளர்ச்சிக்குப் பிறகு, 1858-இல், பிரிட்டிஷ் அரசு ஆட்சியை நேரடியாக எடுத்துக்கொண்டது. அதன்பின் இங்கிருந்த கவர்னர் லண்டன் நாடாளுமன்றத்துக்குப் பதில் சொல்ல வேண்டியவரானார். திருவல்லிக்கேணிக்காரருக்கோ தஞ்சாவூர்க்காரருக்கோ அவர் பதில் சொல்ல வேண்டிய அவசியம் எதுவும் இல்லை.

முதலில் கிடைத்தது ஒரு கேள்வி

1861-இல் சென்னைக்கு ஒரு சட்டமன்றக் கவுன்சில் வந்தது. உறுப்பினர்களைக் கவர்னரே நியமித்தார். அரசு கொண்டுவந்த மசோதாவைப் பற்றி உறுப்பினர்கள் பேசலாம், அவ்வளவுதான். கேள்வி கேட்க முடியாது.

1892 சட்டத்தைத் தேர்வுப் புத்தகங்கள் இரண்டு வரியில் தாண்டிவிடும். எனக்கு அது முக்கியமான இடம். உறுப்பினர்கள் அரசைப் பார்த்துக் கேள்வி கேட்கலாம் என்று முதல்முறையாக அந்தச் சட்டம்தான் அனுமதித்தது. முன்கூட்டியே எழுதிக் கொடுக்க வேண்டும், தலைவர் வேண்டாம் என்றால் கேள்வி போயிற்று. வரவு செலவுத் திட்டத்தைப் பற்றிப் பேசலாம், அதன்மேல் ஓட்டுப் போட முடியாது. பதில் வந்தால் அதோடு முடிந்தது, "அப்படியானால் இது ஏன்?" என்று மறுபடி கேட்க வழியில்லை. 1909-இல்தான் துணைக் கேள்வி கேட்கும் உரிமை வந்தது. அதுவும் முதல் கேள்வியைக் கேட்டவருக்கு மட்டும்.

ஒரு துணைக் கேள்வியைப் பெறப் பதினேழு ஆண்டுகள் ஆகியிருக்கின்றன. இன்று சட்டமன்றத்தில் கேள்வி நேரம் கூச்சலில் கழிந்தது என்று செய்தி வரும்போது எனக்கு மனசு வலிப்பதற்கு இதுதான் காரணம்.

இதற்குள் வெளியே சென்னை சும்மா இருக்கவில்லை. 1884-இல் சென்னை மகாஜன சபை தொடங்கியது. 1887-இல் காங்கிரஸின் மூன்றாவது மாநாடு இங்கே நடந்தது. 1916-இல் அடையாறிலிருந்து அன்னி பெசன்ட் தன்னாட்சி கேட்கும் ஹோம்ரூல் இயக்கத்தைத் தொடங்க, மறு ஆண்டு ஜூனில் அவரை உதகையில் காவலில் வைத்தார்கள். எதிர்ப்பு நாடு முழுக்கப் பரவியது. 1917 ஆகஸ்ட் 20 அன்று, இந்தியாவில் பொறுப்பாட்சியைப் படிப்படியாகக் கொண்டுவருவதே தங்கள் கொள்கை என்று பிரிட்டிஷ் அமைச்சர் மாண்டேகு அறிவித்தார். பொறுப்பாட்சி என்ற சொல்லைக் கவனியுங்கள். ஆள்கிறவர் சபைக்குப் பதில் சொல்ல வேண்டும் என்பதே அதன் பொருள்.

சமையல் ஒருவர், சாவி ஒருவர்

அந்த வாக்குறுதியிலிருந்து வந்தது 1919 சட்டம், அதாவது இரட்டை ஆட்சி. கல்வி, சுகாதாரம், உள்ளாட்சி, விவசாயம் போன்ற துறைகள் தேர்ந்தெடுக்கப்பட்ட இந்திய அமைச்சர்களிடம். போலீஸ், நிதி, நிலவரி ஆகியவை கவர்னரிடமும் அவருடைய நிர்வாக சபையிடமும். வீட்டில் சமையல் முழுக்க மருமகள் பொறுப்பு, ஆனால் அரிசிப் பானை இருக்கும் அறையின் சாவி மாமியார் இடுப்பில் என்பது போன்ற ஏற்பாடு. பள்ளிக்கூடம் கட்டலாம் என்று அமைச்சர் முடிவெடுப்பார். பணத்துக்கு அடுத்த அறைக் கதவைத் தட்ட வேண்டும்.

1920 தேர்தலில் நீதிக்கட்சி வென்றது. அதன் தலைவர் பிட்டி தியாகராயர் பதவியை வேண்டாம் என்று சொல்லிவிட, கடலூர் சுப்பராயலு ரெட்டியார் முதல் முதலமைச்சரானார். அடுத்து வந்தவர் பனகல் அரசர். மாம்பலத்துக்குப் பக்கத்தில் உருவான தியாகராய நகரும் அதன் நடுவிலுள்ள பனகல் பார்க்கும் பேருந்து நிறுத்தப் பெயர்களாகவே நமக்குப் பழகிப்போய்விட்டன. இந்த நாட்டில் தேர்தல் வழி ஆட்சியைத் தொடங்கி வைத்தவர்களில் இருவரின் பெயர்கள் அவை.

அந்தத் தேர்தலில் ஓட்டு யாருக்கு இருந்தது? மாகாணத்தில் 4 கோடிக்கு மேல் மக்கள். வாக்காளர்கள் 12 லட்சத்துக்குச் சற்று அதிகம். சொத்து வேண்டும், வரி கட்டியிருக்க வேண்டும். பெண்களுக்கு ஓட்டே இல்லை. அந்தக் குறையை நிவர்த்தி செய்யும் அதிகாரத்தை அந்தந்த மாகாண சபைக்கே விட்டிருந்தார்கள். 1921-இலேயே சென்னை சபை பெண்களுக்கு வாக்குரிமை தந்து தீர்மானம் போட்டது. இந்திய மாகாணங்களில் அதுதான் முதல். ஆறே ஆண்டில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அதே சபையில் உட்கார்ந்து, துணைத் தலைவராகவும் ஆனார். பாதி அதிகாரத்தைக்கூட நல்லபடியாகப் பயன்படுத்த முடியும் என்று அந்த சபை காட்டியது. எனக்கு இதில் பெருமை உண்டு.

கொடுத்ததைத் திரும்ப எடுத்த நாள்

1935 சட்டம் மாகாணங்களில் இரட்டை ஆட்சியை ஒழித்தது. எல்லாத் துறைகளும் அமைச்சர்களிடம் வந்தன. கவர்னரிடம் தனி அதிகாரங்கள் மட்டும் இருந்தன. 1937 தேர்தலில் சென்னை சட்டமன்றத்தின் 215 இடங்களில் காங்கிரஸ் 159-ஐப் பிடித்தது. ஆனால் உடனே பதவியேற்கவில்லை. அந்தத் தனி அதிகாரங்களைத் தேவையில்லாமல் பயன்படுத்தமாட்டோம் என்று கவர்னர்கள் உறுதி தர வேண்டும் என்று நின்றார்கள். மூன்றரை மாதம் இடைக்கால அமைச்சரவை நடந்தது. ஜூலையில் ராஜாஜி பிரதமரானார். அப்போது மாகாண முதலமைச்சரைப் பிரதமர் என்றுதான் அழைத்தார்கள்.

நம்மவர் ஆட்சி என்பதால் எல்லாம் இனிமையாக இருந்தது என்று நினைத்துவிடக் கூடாது. 1938-இல் பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கினார்கள். எதிர்த்தவர்கள் சிறைக்குப் போனார்கள். 1939-இல் நடராசனும் தாளமுத்துவும் சிறைவாசத்தின்போது உயிரிழந்தார்கள். எழும்பூரில் தாளமுத்து நடராசன் மாளிகைக்குக் கட்டட அனுமதி வாங்கப் போகிறவர்கள் பெயர்ப்பலகையை ஒரு கணம் நின்று படிக்கலாம். சுயாட்சி கிடைத்ததும் மக்களின் கோபம் போகவேண்டிய முகவரி லண்டனிலிருந்து சென்னைக்கு மாறிவிட்டது. தங்கள் மாகாணத்து அமைச்சரையே நேருக்கு நேர் எதிர்க்க முடிந்தது. அதற்கு உயிரையும் கொடுக்க வேண்டியிருந்தது.

அதே 1939 செப்டம்பரில் இரண்டாம் உலகப் போர் மூண்டது. எந்த இந்தியத் தலைவரையும் கேட்காமல் இந்தியாவும் போரில் இருப்பதாக வைஸ்ராய் லின்லித்கோ அறிவித்தார். காங்கிரஸ் அமைச்சரவைகள் அக்டோபரிலிருந்து ஒவ்வொன்றாக விலகின. 1935 சட்டத்தின் 93-ஆம் பிரிவைக் கையிலெடுத்துக் கவர்னரே ஆளத் தொடங்கினார். சட்டமன்றம் கூடவில்லை. 1946 வரை, ஆறு ஆண்டுகளுக்கு மேல், சென்னையில் கேள்வி நேரமே இல்லை.

மொத்தக் கதையிலும் இந்த இடம் புரிந்தால் பாதி வேலை முடிந்தது. அமைச்சரவை இருந்தது, பெரும்பான்மை இருந்தது, துறைகள் இருந்தன. இருந்தும் ஒரு பிரிவைக் காட்டி எல்லாவற்றையும் வாங்கிக்கொள்ள முடிந்தது. ஏனென்றால் அந்த அதிகாரத்தின் வேர் லண்டன் நாடாளுமன்றம் போட்ட சட்டத்தில் இருந்தது. இரவல் வாங்கிய நகையைக் கல்யாணத்துக்குப் போட்டுக்கொள்ளலாம், அடகு வைக்க முடியாது. சுயாட்சிக்கும் விடுதலைக்கும் உள்ள தூரம் அவ்வளவுதான்.

1947-இல் வந்தது, 1950-இல் முடிந்தது

போர் முடிந்தபோது பிரிட்டன் கடனில் இருந்தது. இந்திய தேசிய ராணுவ வீரர்கள் மீதான வழக்கும் 1946 பிப்ரவரியில் கடற்படையில் எழுந்த கிளர்ச்சியும், இனி இந்தியப் படைகளை நம்பி இந்தியாவை ஆள முடியாது என்று காட்டிவிட்டன. 1947 ஜூலை 18 அன்று லண்டனில் இந்திய விடுதலைச் சட்டம் நிறைவேறியது. பிரிவினையின் ரத்தத்தை இந்தச் சின்னக் கட்டுரையில் நான் சொல்லி முடிக்க முடியாது.

அந்தச் சட்டம் இந்தியாவையும் பாகிஸ்தானையும் டொமினியன்கள் ஆக்கியது. சட்டம் போடும் அதிகாரம் முழுக்க உங்களுடையது, ஆனால் அரசர் பழைய அரசரே. அதனால்தான் நை கவர்னராக நீடித்ததும், காசில் ஜார்ஜ் இருந்ததும். ஆனால் ஒன்று தலைகீழாக மாறியிருந்தது. அன்று சென்னையின் பிரதமர் ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார். கவர்னர் நை இனி அந்த அமைச்சரவையின் ஆலோசனைப்படி நடக்க வேண்டும். லண்டனிலிருந்து அவருக்கு உத்தரவு வராது. ஆள் அதே ஆள், பதில் சொல்லும் இடம் மட்டும் மாறிவிட்டது. கோட்டையில் கொடி மாறியதன் பொருள் இதுதான்.

அதன்பிறகு மிச்சமிருந்த கட்டுகள் ஒவ்வொன்றாக அவிழ்ந்தன. 1949-இல் ரிசர்வ் வங்கி அரசுடைமையானது, ராணுவத்துக்குக் கரியப்பா முதல் இந்தியத் தலைமைத் தளபதியானார், இந்திய வழக்குகளின் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சிலுக்குப் போகும் வழக்கம் நின்றது. இதனூடே டெல்லியில் அரசியல் நிர்ணய சபை உட்கார்ந்து அரசியல் சட்டத்தை எழுதிக்கொண்டிருந்தது. சென்னையிலிருந்து போனவர்களில் அல்லாடி கிருஷ்ணசாமி ஐயர் இருந்தார், அம்மு சுவாமிநாதன் இருந்தார், அந்தச் சபையின் ஒரே தலித் பெண் உறுப்பினரான தாட்சாயணி வேலாயுதன் இருந்தார்.

அரசியல் சட்டத்தின் கடைசிப் பிரிவான 395-ஐ எடுத்துப் படித்துப் பாருங்கள். இரண்டே வரிதான். இந்திய விடுதலைச் சட்டத்தையும் 1935 சட்டத்தையும் அது ரத்து செய்கிறது. தனக்கு விடுதலை தந்த சட்டத்தையே ஒரு நாடு ஏன் ரத்து செய்ய வேண்டும்? நம் ஆட்சி அவர்கள் எழுதிக்கொடுத்த தாளின்மேல் நிற்கவில்லை, மக்களாகிய நாமே நமக்கு எழுதிக்கொண்ட சட்டத்தின்மேல் நிற்கிறது என்று காட்டத்தான். 1939-இல் கற்ற பாடம் அந்த இரண்டு வரியில் இருக்கிறது. 1950 ஜனவரி 26 அன்று அரசர் போனார், குடியரசுத் தலைவர் வந்தார்.

கோட்டை கொள்ளாத கூட்டம்

21 வயதான எல்லாருக்கும் ஓட்டு என்று 1951-52-இல் முதல் பொதுத்தேர்தல் நடந்தது. நாடு முழுக்க ஏறத்தாழ 17 கோடி வாக்காளர்கள். சென்னை மாநிலத்துக்கு மட்டும் 375 சட்டமன்ற உறுப்பினர்கள். கோட்டையில் இருந்த மன்றத்தில் அத்தனை பேரும் உட்கார இடம் போதவில்லை! அண்ணா சாலை பக்கம் அரசினர் தோட்டத்தில் புதிதாக ஒரு கட்டடம் எழுப்பி அங்கே கூட்டம் நடத்தினார்கள். ஆந்திரம் பிரிந்து எண்ணிக்கை குறைந்தபின் மன்றம் கோட்டைக்கே திரும்பியது. அந்தக் கட்டடம் பாலர் அரங்கமாகிப் பிறகு கலைவாணர் அரங்கமானது. கொரோனா காலத்தில், அதே இடத்தில் புதிதாகக் கட்டிய கலைவாணர் அரங்கத்தில் சட்டமன்றம் மறுபடி கூடியபோது, பழைய வீட்டுக்குத் திரும்பி வந்ததுபோல எனக்குத் தோன்றியது.

புதிய அரசு பழைய பழக்கங்களை உடனே விட்டுவிடவும் இல்லை. 372-ஆம் பிரிவின்படி பழைய சட்டங்கள் மாற்றப்படும்வரை செல்லும். அதனால்தான் 1860-இன் தண்டனைச் சட்டம் 2024 ஜூன் முடியும்வரை நம்மோடு இருந்தது. 1950-இல் சென்னை அரசு, 'கிராஸ் ரோட்ஸ்' என்ற பம்பாய்ப் பத்திரிகை மாகாணத்துக்குள் வரக்கூடாது என்று தடை போட்டது. ஆசிரியர் ரொமேஷ் தாப்பர் உச்ச நீதிமன்றம் போய் வென்றார். அதே மாதம், விசாரணையில்லாமல் சென்னைச் சிறையில் வைக்கப்பட்ட கம்யூனிஸ்ட் தலைவர் ஏ.கே. கோபாலன் போட்ட வழக்கில் அவருக்கு விடுதலை கிடைக்கவில்லை. குடியரசு பிறந்து நான்கே மாதத்தில், குடிமகன் தன் அரசைக் கூண்டில் ஏற்றிய முதல் பெரிய வழக்குகள் இரண்டும் சென்னை அரசுக்கு எதிரானவை.

பக்கத்து வீட்டில்

எல்லாக் காலனிகளும் ஒரே பாதையில் போகவில்லை. இலங்கையில் 1931-லேயே வயது வந்த அனைவருக்கும் வாக்குரிமை வந்துவிட்டது, நமக்கு இருபது ஆண்டு முன்பே. 1948 பிப்ரவரி 4 அன்று பெரிய போராட்டம் இல்லாமல் டொமினியன் ஆனது. அதே ஆண்டு வந்த குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழர்களில் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது, அடுத்து ஓட்டும் போயிற்று. தேயிலைத் தோட்டத்தில் தலைமுறைகளாக உழைத்தவர்கள், காலனியில் இருந்த வாக்குரிமையைச் சுதந்திர நாட்டில் இழந்தார்கள். ஆள்கிறவர் மக்களுக்குப் பதில் சொல்ல வேண்டும் என்றால், அந்த மக்கள் பட்டியலில் யார் யார் என்பதும் சேர்ந்தே வரும் கேள்வி என்பதை நான் அங்கேதான் கற்றேன்.

கிழக்குக் கடற்கரைச் சாலையில் மூன்று மணி நேரம் போனால் இன்னொரு வழி. பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரியில், 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்தார்கள். 170 பேர் இந்தியாவோடு இணையலாம் என்றார்கள். நவம்பர் 1-இல் நிர்வாகம் கைமாறியது. சட்டப்படி முழுமையாக மாற 1962 ஆகஸ்ட் 16 வரை ஆனது.

கோட்டைக்குத் திரும்பினால்

எல்லைகள் 1953-லும் 1956-லும் மாறின. தமிழ்நாடு என்று பெயர் சூட்டக் கோரி சங்கரலிங்கனார் உண்ணாவிரதமிருந்து 1956 அக்டோபரில் உயிர் நீத்தார். சட்டமன்றம் 1967-இல் தீர்மானம் போட்டு, 1969 ஜனவரி 14 அன்று அந்தப் பெயர் வந்தது.

அதற்கப்புறமும் சுதந்திர தினத்தன்று மாநிலங்களில் கொடியேற்றியவர் ஆளுநர். மக்கள் தேர்ந்தெடுத்த முதலமைச்சருக்கே அந்த உரிமை வேண்டும் என்று கலைஞர் கருணாநிதி மத்திய அரசிடம் கேட்டுப் பெற்றார். 1974 ஆகஸ்ட் 15 அன்று முதலமைச்சர் முதல்முறையாகக் கோட்டையில் கொடியேற்றினார். நிர்வாகக் கணக்கில் சின்ன மாற்றம்தான். 1892-இன் அந்த ஒற்றைக் கேள்வியிலிருந்து எண்ணிக்கொண்டு வருகிறவருக்கு அது சின்னதாகத் தெரியாது.

பதினேழு மாதம் கழித்து, 1976 ஜனவரி 31 அன்று, நெருக்கடி நிலைக் காலத்தில், அவருடைய அரசு கலைக்கப்பட்டது. பயன்படுத்தியது, மாநிலத்தில் குடியரசுத் தலைவர் ஆட்சியைக் கொண்டுவர வழிசெய்யும் அரசியல் சட்டத்தின் 356-ஆம் பிரிவு. 1939-இல் கவர்னர் கையிலெடுத்த 93-ஆம் பிரிவின் வழித்தோன்றல் அது. 395-இல் வேரைப் பிடுங்கியவர்கள் இந்த ஒரு கிளையை மட்டும் வெட்டாமல் வைத்துக்கொண்டார்கள். 1994-இல், கர்நாடக முன்னாள் முதலமைச்சர் எஸ்.ஆர். பொம்மை தொடுத்த வழக்கில், உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு அதற்குக் கடிவாளம் போட்டது. ஓர் அமைச்சரவைக்குப் பெரும்பான்மை இருக்கிறதா இல்லையா என்பதை ஆளுநர் தன் மாளிகையில் உட்கார்ந்து தீர்மானிக்கக் கூடாது, சட்டமன்றத்தைக் கூட்டி அங்கே எண்ணிப் பார்க்க வேண்டும் என்றது.